அவர் பிடித்துப் பார்த்த துணி

காபியைக் கரண்டியில் எடுத்துத் தன் உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டுப் பார்த்தாள் சுப்புலட்சுமி. சூடு போதும். புருஷன் குமாரசாமியின் தலையை இடது கையால் கொஞ்சம் தூக்கி, வாயின் வலது ஓரமாக ஊற்றினாள். இடது ஓரத்தில் ஊற்றினால் நிற்காது, கழுத்தில் வழிந்துவிடும்.

“இன்னொரு வாய் மாமா. சக்கரை இல்லீங்க, பனங்கல்கண்டுதான் போட்டிருக்கறேன்.”

அவர் விழுங்கினார். தெருக்கோடியில் இருந்த சிற்பக்கூடத்தில் உளிச் சத்தம் ஆரம்பித்திருந்தது. திருமுருகன்பூண்டியில் பொழுது விடிந்துவிட்டது என்று கோழிக்கும் முன்னால் சொல்வது அதுதான்.

வழக்கமாக அடுத்த வேலை, வெந்நீரில் துண்டை நனைத்து அவர் உடம்பைத் துடைப்பது. அன்றைக்கு அது இல்லை. முந்தின நாள் சாயங்காலம் போட்டுவிட்ட பனியனை அன்று சாயங்காலம் வரை கழற்றக் கூடாது என்று மகன் சொல்லியிருந்தான்.

“ஒரு நாள் பூரா ஒடம்புல கெடக்கோணும்மா. அப்பத்தான் அது டெஸ்ட்டு.”

வாதம் வந்து குமாரசாமி படுத்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. இடது பக்கம் கையும் காலும் போயின, பேச்சு முழுசாகப் போயிற்று. அது நடந்து சில மாதங்களில், அமெரிக்காவில் ஏதோ ஒரு பேங்க் கவிழ்ந்தது என்று சொல்லி, இங்கே அவர் மகன் வேல்குமாரின் ஷெட்டில் தையல் மிஷின்கள் நின்றன. எக்ஸ்போர்ட் கம்பெனிகளுக்கு ஜாப் ஒர்க் செய்து கொடுத்துக்கொண்டிருந்தவன் அவன். வேலை செய்தவர்களை எல்லாம் ஊருக்கு அனுப்பினான். கட்டிங் மாஸ்டர் மாரிச்செல்வமும் அவன் மனைவி நாகஜோதியும் மட்டும் போகவில்லை. விருதுநகர்ப் பக்கம் அவர்களுக்குத் திரும்பிப் போக வீடு என்று ஒன்றும் மிச்சம் இல்லை.

அப்படிச் சும்மா கிடந்த நாளில்தான் அந்த யோசனை வந்தது. குமாரசாமிக்கு ஒரு பனியன் மாட்டிவிட மூன்று பேர் வேண்டியிருந்தது. ஒருவர் தூக்க வேண்டும், ஒருவர் மடங்காத கையை மடக்க வேண்டும், ஒருவர் இழுக்க வேண்டும். ஒரு நாள் இழுத்த இழுப்பில் அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. மருமகள் வினிதா ஃபேஷன் டெக்னாலஜி டிப்ளமோ முடித்தவள். அன்று மத்தியானமே பழைய காலண்டர் தாளின் பின்பக்கத்தில் வரைந்து காட்டினாள்.

“முன்னால ஒரு பாதி, பின்னால ஒரு பாதிங்க. ஆளைத் தூக்கவே வேண்டாம். கீழ ஒண்ண நழுவ உட்டு, மேல ஒண்ணப் போட்டு, மூடிர்லாம்.”

படுக்கை பனியன் என்று பேர் வைத்தார்கள். முதல் சாம்பிளில் நாடா வைத்தார்கள். முடிச்சு விழுந்து அவிழ்க்க முடியவில்லை. அடுத்ததில் வெல்க்ரோ. துவைக்கப் போட்டால் பக்கத்துத் துணியை எல்லாம் கவ்விக்கொண்டு வந்தது. அதற்கப்புறம் அமுக்கினால் பூட்டிக்கொள்ளும் டிச் பட்டன். அதுதான் சரியாக இருந்தது. ஆனால் தோளிலும் விலாவிலும் இருந்த பட்டன்களைக் குமாரசாமி தன்னுடைய நல்ல கையால் பிய்த்துப் பிய்த்துத் திறந்து போட்டார்.

“நோயாளியே கழட்டிப்போட்டா எந்த ஆஸ்பத்திரில வாங்குவாங்க?” என்ற வேல்குமார், கடைசி சாம்பிளில் பட்டன் வரிசையை முதுகுப் பக்கமாகத் தள்ளிவிட்டான். அங்கே கை எட்டாது.

ஒவ்வொரு சாம்பிளும் குமாரசாமியின் உடம்பில்தான் ஏறி இறங்கியது. துணி மாட்டிப் பார்க்கும் டம்மி எல்லாக் கம்பெனியிலும் இருக்கும். இந்தக் கம்பெனியின் டம்மி மூச்சு விட்டது. பங்காளி சென்னிமலை ஒரு நாள் வந்தபோது வாசலிலேயே கேட்டார்.

“ஏன்டா வேலு, பெத்த அப்பனையே டம்மியாக்கிப்போட்டயா? நல்ல வேலைடா. அதுக்குச் சம்பளமாச்சுங் குடுக்கறயா?”

சுப்புலட்சுமிக்கு அது சுருக்கென்று தைத்தது. ஆனாலும் மகனைத் தடுக்கவில்லை. படுத்த பிறகு குமாரசாமியை யார் தேடி வந்தார்கள்? இந்தச் சாம்பிள் இருப்பதால்தான் காலையில் நான்கு பேர் கட்டிலைச் சுற்றி நின்று, அவர் முகத்தைப் பார்த்து, எப்படி இருக்கிறது என்று கேட்டார்கள்.

அன்றைக்கும் கேட்டார்கள்.

“அப்பா, எப்படீங்ப்பா இருக்குது?” என்று கட்டிலருகே குனிந்தான் வேல்குமார். பின்னால் வினிதாவும் மாரிச்செல்வமும் நாகஜோதியும் நின்றார்கள். மத்தியானம் கோயம்புத்தூரிலிருந்து நல்லசாமி வருகிறார். ஆஸ்பத்திரிகளுக்குச் சாமான் போடும் பெரிய சர்ஜிகல் கடைக்காரர். அவர் சரி என்றால் ஷெட்டில் மறுபடி மிஷின் ஓடும். வேண்டாம் என்றால் மாரிச்செல்வத்தையும் நாகஜோதியையும் இனி வைத்திருக்க முடியாது.

குமாரசாமியின் வலது கை மெதுவாக நகர்ந்தது. இடுப்பருகே பனியனின் ஓரத்தைக் கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் பிடித்தது. உருட்டியது.

எல்லோரும் அந்த விரல்களையே பார்த்தார்கள்.

பார்த்ததற்குக் காரணம் உண்டு. குமாரசாமி தறிக்காரக் குடும்பம். வாலிபத்தில் தறியை விட்டுவிட்டு, பனியன் கம்பெனிக்குத் துணி எடுக்கும் வேலைக்கு வந்தவர். துணியை இப்படித்தான் இரண்டு விரலுக்கு நடுவில் பிடித்து உருட்டுவார். பிடிக்காத துணியை உடனே விட்டுவிடுவார். விரலை எடுக்காமல் உருட்டிக்கொண்டே இருந்தால் சரக்கு பாஸ். துணி கொண்டுவந்தவர்கள் அவர் முகத்தைப் பார்க்க மாட்டார்கள்; விரலைத்தான் பார்ப்பார்கள். பேச்சு போன பிறகு வீட்டிலும் அதுவே அவர் பாஷையாகிவிட்டது. நாடா வைத்த சாம்பிளை அவர் தொட்டதும் விட்டார். வெல்க்ரோவையும் விட்டார்.

இதை விடவில்லை. உருட்டினார், உருட்டினார், உருட்டிக்கொண்டே இருந்தார்.

“பெரியவரு வெரல எடுக்க மாட்டேங்காகண்ணே!” என்று மாரிச்செல்வம் சிரித்தான்.

“பாஸ்!” என்றான் வேல்குமார். “பாத்தயாம்மா? அப்பா பாஸ் பண்ணிட்டாரு. இதுவரைக்கும் டெய்லி காலைல ‘மாத்தறேன்ப்பா, மாத்தறேன்ப்பா’ன்னே சொல்லிட்டிருந்தேன். இனி மாத்தறதுக்கு ஒண்ணுமில்ல.”

குமாரசாமி துணியைக் கொஞ்சம் இழுத்தார். கண்கள் சுப்புலட்சுமியின் பக்கம் திரும்பின.

“பசியாட்டிருக்குது. இட்லி ஊத்தி எடுத்தாந்தர்றேன்” என்று அவள் சமையற்கட்டுக்குப் போனாள்.

இட்லி வேகும்போது தண்ணி லாரி வந்துவிட்டது. குடங்களோடு ஓடினாள். வாசல் தொட்டி நிறைந்து, லாரிக்காரன் குழாயைச் சுருட்டிய பிறகு, தட்டில் இரண்டு இட்லியை வைத்துப் பாலை ஊற்றிக் குழைத்துக்கொண்டு உள்ளே வந்தாள்.

விரல்கள் துணியைப் பிடித்தபடியே இருந்தன. உருட்டவில்லை.

“மாமா” என்றாள். “ஏனுங்க” என்றாள். அதற்கப்புறம் அவள் கத்தியது சிற்பக்கூடம் வரை கேட்டது என்று பின்னால் சொன்னார்கள்.

டாக்டர் வந்து கண்ணை விரித்துப் பார்த்தார். “மறுபடி வந்திருக்குதுங்க. வந்த வேகத்துல முடிஞ்சிருக்குது. சிரமப்பட்டிருக்க மாட்டாரு” என்றார். சிரமப்பட்டிருக்க மாட்டார் என்ற அந்த வார்த்தையைப் பத்திரமாகப் பிடித்து வைத்துக்கொண்டாள் சுப்புலட்சுமி. மத்தியானம் வரைக்கும் அது அவளிடம் இருந்தது.

உளிச் சத்தம் நின்றது. வாசலில் சாமியானா போட்டார்கள். குண்டடத்திலிருந்து அவள் பிறந்த வீட்டு ஆட்கள் கோடித் துணியோடு வந்து இறங்கினார்கள். வேல்குமார் செல்போனை எடுத்தான், வைத்தான். எத்தனையோ பேருக்குச் சொன்னவன் நல்லசாமிக்கு மட்டும் சொல்ல மறந்துபோனான்.

வெயில் சாய்வதற்கு முன்பே எடுத்துவிடலாம் என்று பெரியவர்கள் பேசி முடித்தார்கள். வாசலில் பெஞ்சு போட்டு, இரண்டு பக்கமும் சேலையை மறைப்பாகப் பிடித்தார்கள். குமாரசாமியைத் தூக்கி வந்து கிடத்தினார்கள். சென்னிமலைதான் முன்னால் நின்று காரியங்களை நடத்தினார்.

“ஒடம்பு வெறைக்க ஆரம்பிச்சிருச்சு. பனியனைக் கழட்ட முடியாது. யாராச்சும் கத்திரிக்கோல் எடுத்தாங்கப்பா.”

எல்லாச் சாவிலும் அப்படித்தான். மாட்டியிருக்கும் துணியைக் கத்தரித்துத்தான் எடுப்பார்கள். ஷெட்டிலிருந்து யாரோ கத்திரிக்கோலைக் கொண்டுவந்தார்கள்.

“வேணாங்க” என்று முன்னால் வந்தான் மாரிச்செல்வம். “கத்திரி வேணாம். நா எடுக்கேன்.”

உடம்பை லேசாகச் சரித்துப் பிடிக்கச் சொல்லி, முதுகுக்கு அடியில் கையை விட்டு ஓர் இழுப்பு இழுத்தான். டப் டப் டப் என்று வரிசையாகச் சத்தம் கேட்டது. மேல் பாதி புத்தகத்தின் அட்டையைப் போலத் திறந்துகொண்டது. விரல்களின் பிடியில் இருந்த ஓரமும் அதோடு நழுவி வந்தது. கீழ் பாதியை உருவினான். அவ்வளவுதான். கையைத் தூக்கவில்லை, தலையைத் தூக்கவில்லை.

சேலை மறைப்புக்கு வெளியே நின்றவர்களுக்கும் அது தெரிந்தது. சாவு வீட்டின் அழுகைக்கு நடுவே ஒரு முணுமுணுப்பு ஓடியது.

“அட, இது நல்லாருக்குதே!”

“எங்க மாமியாளும் இப்புடித்தான் கெடக்குது. இதெங்க கெடைக்குதுங்க?”

“வேலு கம்பெனிதானாமா.”

தலைக்கு எண்ணெய் வைக்கச் சுப்புலட்சுமியைக் கூப்பிட்டார்கள். சிறு கிண்ணத்தை எடுத்துக்கொண்டு பெஞ்சருகே போனாள். மாரிச்செல்வம் இன்னும் உடம்பைச் சரித்துப் பிடித்திருந்தான். முதுகு அவள் பக்கம் திரும்பியிருந்தது.

இடது தோளிலிருந்து விலா வரைக்கும் வட்ட வட்டமாக இருந்தது. பட்டன் அளவு, பட்டன் இருந்த இடைவெளி. சிவந்து, கன்றி, உள்ளே குழிந்த வட்டங்கள். தோள்பட்டை எலும்பு புடைத்திருந்த இடத்தில் வட்டத்துக்குள் தோல் உரிந்து ஈரமாக இருந்தது.

முந்தின நாள் காலையில் அவள் துடைத்துவிட்ட முதுகு அது. அப்போது ஒரு கீறல் இல்லை.

அவள் நிமிர்ந்தாள். மாரிச்செல்வமும் அதையே பார்த்துக்கொண்டிருந்தான். இருவர் கண்களும் சந்தித்தன. அவன் சட்டென்று செம்பை எடுத்து அந்த முதுகில் தண்ணீரை ஊற்றினான். மறுபடி ஊற்றினான். உடம்பை மல்லாத்திப் படுக்க வைத்துவிட்டான்.

“எண்ணெ வெய்யுங்க அண்ணி, நேரமாகுது” என்றார் சென்னிமலை.

வைத்தாள். எண்ணெய் அவர் நெற்றியில் வழிந்தது. அந்த இரண்டு விரல்களும் இன்னும் ஒன்றை ஒன்று தொட்டபடியே விறைத்திருந்தன. கோடி வேட்டி கட்டும்போது அவற்றைப் பிரிக்கப் பார்த்தார்கள். முடியவில்லை. அப்படியே விட்டுவிட்டார்கள்.

நல்லசாமி எப்போது வந்தார் என்று யாரும் கவனிக்கவில்லை. நோயாளியைப் பார்க்கப் போகிறோம் என்று ஆப்பிள் வாங்கிக்கொண்டு வந்தவர், சாமியானாவைப் பார்த்ததும் காரிலேயே பையை வைத்துவிட்டுக் கூட்டத்தோடு நின்றிருக்கிறார். கத்திரிக்கோல் வந்ததையும், திரும்பிப் போனதையும் அவர் கண்ணால் பார்த்திருந்தார்.

வேல்குமாரின் கையைப் பிடித்துத் துக்கம் கேட்டார். சாவு வீட்டில் போய் வருகிறேன் என்று சொல்லக் கூடாது என்பதால் பேசாமல் திரும்பி நடந்தார். வாசல் தாண்டியவர், என்ன நினைத்தாரோ, நின்றார். திரும்பி வந்தார். வாசற்படியில் உட்கார்ந்திருந்த சுப்புலட்சுமியின் காதில் அது தெளிவாக விழுந்தது.

“தம்பி, இந்த நேரத்துல பேசறது தப்புதான், மன்னிச்சுக்குங்க. நானும் எத்தனையோ சாமான் பாத்திருக்கறேன், இப்புடி ஒரு டெமோ பாத்ததில்ல. இதே பீஸ். இதுதான் அப்ரூவ்டு சாம்பிள். ஒரு தையல் மாத்தாதீங்க. அப்பாவே போட்டுப் பாத்து சரின்னதா?”

“ஆமாங்க” என்றான் வேல்குமார். “காலைலதாங்க. வெரல எடுக்கவே இல்லீங்க.” சொல்லிவிட்டு, அன்று முழுவதும் அழாதவன், அவர் தோளில் சாய்ந்து அழுதான்.

எடுக்கும் நேரம் வந்தது. படுக்கை விரிப்பு, போர்வை, தலையணை உறை என்று கடைசியாக மேலே கிடந்ததை எல்லாம் மூட்டை கட்டினார்கள். அவரோடு போக வேண்டியவை.

“அந்தப் பனியன் எங்கீங்க?” என்று கேட்டார் சென்னிமலை. “அதுதான மொதல்ல போகோணும்.”

பெஞ்சுக்கு அடியில் பார்த்தார்கள். வேலியோரம் பார்த்தார்கள். இல்லை.

“சரி, யாராச்சும் எடுத்துப் போட்டிருப்பாங்க. நேரமாச்சு, தூக்குங்க.”

சுப்புலட்சுமி மகனைப் பார்த்தாள். கொள்ளிச்சட்டியை ஏந்தியிருந்த அவன் யாரையும் பார்க்கவில்லை.

மயானத்திலிருந்து திரும்பி, வாசலில் தண்ணீர் ஊற்றிக்கொண்டு, ஆண்கள் உள்ளே வந்தபோது விளக்கு வைத்திருந்தார்கள். கட்டில் இருந்த இடம் கழுவிவிடப்பட்டு, அதன் நடுவில் ஓர் அகல் எரிந்தது. தலையும் மீசையும் மழித்த வேல்குமார் அதன் முன்னால் வந்து உட்கார்ந்தான். சின்னப் பையனாக இருந்தபோது இருந்த அதே முகம் வந்துவிட்டது அவனுக்கு. அதைப் பார்த்தபோது, இன்றைக்குச் சொல்ல வேண்டாம் என்றுதான் சுப்புலட்சுமி நினைத்தாள்.

அவன்தான் ஆரம்பித்தான்.

“அப்பாவுக்கு எப்படிம்மா தெரிஞ்சுது? கடைசியா ஒரு வேலைய முடிச்சுக் குடுத்துட்டுப் போயிட்டாரு. ‘பாஸ்’னு சொல்லிட்டுப் போயிட்டாரு.”

“கண்ணு.”

“ம்.”

“அது பாஸ் இல்ல கண்ணு.”

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

“முதுகுல புண்ணாயிருந்துது. பட்டன் பட்டனா. தோள்ல தோலு உரிஞ்சிருந்துது. நான் பாத்தேன். ராத்திரி பூரா அது மேலதான் படுத்திருந்திருக்கறாரு. கை அங்க எட்டல. எட்டின எடத்துல துணியப் புடிச்சு, இதைக் கழட்டுங்கன்னு சொல்லியிருக்கறாரு. நம்ம நாலஞ்சு பேரும் சுத்தி நின்னு சிரிச்சோம்.”

சமையற்கட்டில் பாத்திரச் சத்தம் நின்றது. வினிதா கதவோரம் வந்து நின்றாள்.

“இல்லம்மா” என்றான் வேல்குமார். “வேண்டாம்னா அவரு உட்டுருவாரு. நாடாவ உட்டாரு, வெல்க்ரோவ உட்டாரு. உனக்குத் தெரியாதா? வெரல எடுக்காம இருந்தா என்ன அர்த்தம்? ஊரே சொல்லும்.”

“துணி எடுக்கற எடத்துல அது அர்த்தம். துணிக்குள்ள கெடக்கறவனுக்கு வேற அர்த்தம்.”

“அந்தப் பக்கம் அவருக்கு உணர்ச்சியே இல்லியேம்மா.”

“அசைவுதான் போச்சு, உணர்ச்சி இருக்குது, வலிச்சா தெரியும்னு டாக்டர் சொன்னப்போ நீயும்தான் பக்கத்துல நின்னே.”

அவன் எழுந்தான். வாசலில் மாரிச்செல்வமும் நாகஜோதியும் சாமியானாக்காரனுக்கு நாற்காலிகளை அடுக்கிக் கொடுத்துக்கொண்டிருந்தார்கள்.

“மாரி, இங்க வா. நீதான அப்பாவக் குளிப்பாட்டுனே. முதுகுல என்ன பாத்தே?”

மாரிச்செல்வம் வாசற்படிக்குக் கீழேயே நின்றுகொண்டான். சுப்புலட்சுமியைப் பார்த்தான். பின்னால் நாற்காலியைப் பிடித்தபடி நின்ற நாகஜோதியைப் பார்த்தான். கடைசியில் தன் கால் விரல்களைப் பார்த்தான்.

“ஒண்ணும் பாக்கலண்ணே. படுத்தே கெடந்த ஒடம்பு. துணி மடிப்பு பதிஞ்சிருக்கும். தண்ணி ஊத்துன வேகத்துல… ஒண்ணும் தெரியலண்ணே.”

“பாத்தயாம்மா?” என்று திரும்பினான் வேல்குமார். அவன் முகத்தில் வந்த நிம்மதியைப் பார்க்க சுப்புலட்சுமிக்குப் பயமாக இருந்தது.

“பொய் சொல்றான்” என்றாள். “பாவம், பொழைக்கோணுமில்ல, சொல்றான். நீ எதுக்குடா நம்பறே?”

“அத்தை” என்று மெதுவாகப் பேசினாள் வினிதா. “பட்டன முன்னால கொண்டாந்தா கழட்டிப் போட்டுர்றாங்க. பின்னால வெச்சா அழுத்தும்னு… நான் அப்பவே கொஞ்சம் யோசன பண்ணுனேன். உள்ள ஒரு பட்டை வெச்சுத் தைச்சா…”

“ஒரு தையல் மாத்தக் கூடாதுன்னு சொல்லிட்டுப் போயிருக்கறாரு!” வேல்குமாரின் குரல் உயர்ந்தது. “அப்ரூவ் ஆன சாம்பிள மாத்தி அனுப்புனா லாட்டையே திருப்பிப் போட்டுருவாங்க. நீ டிப்ளமோதான படிச்சே? தெரியாதா?”

வினிதா மறுபடி சமையற்கட்டுக்குள் போனாள்.

“ஆஸ்பத்திரில கெடக்கறவங்க ஒவ்வொருத்தர் முதுகுலயும் இது ஏறும் கண்ணு” என்றாள் சுப்புலட்சுமி. “பேச வாயில்லாதவங்களுக்குத்தான் நீ தைக்கறே. வலிச்சாலும் யாரும் வந்து சொல்ல மாட்டாங்க. எனக்கு வேறெதும் வேண்டாம். அந்தப் பட்டன மாத்து. உங்கப்பா கேட்டது அதொண்ணுதான்.”

அவன் அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, மழித்த தலையை அவள் தோளில் வைத்துக்கொண்டான்.

“மாத்தறேன்ம்மா” என்றான்.

அவள் அந்த மொட்டைத் தலையைத் தடவிக் கொடுத்தாள். நம்பினாள். தன் அப்பாவிடம் தினமும் காலையில் சொன்ன அதே குரலில்தான் அவன் அதைச் சொன்னான். அப்படிச் சொன்ன பிறகு ஒவ்வொரு தடவையும் மாற்றித்தானே இருக்கிறான்?

பால் தெளித்துவிட்டு வந்த மறுநாள் காலையில் அவளுக்கு விழிப்பு வந்தபோது, உளிச் சத்தம் கேட்டது. அதற்கு மேல் இன்னொரு சத்தமும் கேட்டது. ஷெட்டில் மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு கேட்கிற சத்தம்.

வாசலில் சென்னிமலை யாரிடமோ பொரிந்துகொண்டிருந்தார். “கருமாதி முடியல, அதுக்குள்ள மிஷினை ஓட்டறான். அப்பன் மேல எத்தன பாசம் பாத்தீங்களா? அவரு போட்ட பாதைல ஒரு நாள் கூட வீணாக்காம போறானாம்!”

சுப்புலட்சுமி முகம் கழுவிக்கொண்டு ஷெட்டுக்கு நடந்தாள்.

உள்ளே மாரிச்செல்வம் வெட்டும் மேசை மேல் குனிந்திருந்தான். அவள் வந்ததைப் பார்த்தும் நிமிரவில்லை. வேல்குமார் ஜன்னலோரம் செல்போனில் பேசிக்கொண்டிருந்தான். “ஆமாங்க, அதே பீஸ்தாங்க. இல்லீங்க, எதும் மாத்தலீங்க” என்றவன், அம்மாவைக் கண்டதும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

நாகஜோதி ஓவர்லாக் மிஷினில் உட்கார்ந்திருந்தாள். பார்த்துத் தைப்பதற்காக ஒரு பனியனை அவள் தலைக்கு மேலே ஆணியில் மாட்டியிருந்தார்கள். துவைத்து, இஸ்திரி போட்டு, கழுத்தில் நல்லசாமி கடையின் சிவப்பு டேக் கட்டிய பனியன். இடுப்பருகே ஓரத்தில் துணி கொஞ்சம் நைந்து, பஞ்சு கிளம்பியிருந்தது. துவைத்தும் போகவில்லை, இஸ்திரிக்கும் அடங்கவில்லை. இரண்டு விரல் அகலத்துக்கு.

மயானத்துக்குப் போகாத பனியன் எது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

“வாங்க பெரியம்மா” என்றாள் நாகஜோதி. “ஒக்காருங்க. அண்ணன் இதக் கண்ணு மாதிரி வச்சிருக்காக. யாரும் தொடக் கூடாதுன்னுட்டாக. ஐயா கடைசியா பாஸ் பண்ணுன பீஸாம்.”

நாகஜோதியின் மிஷினுக்குப் பக்கத்தில் தைத்து முடித்த பனியன்கள் அடுக்கியிருந்தன. மேலே இருந்ததைச் சுப்புலட்சுமி எடுத்தாள். புதுத் துணியின் வாசனை அடித்தது. திருப்பி, முதுகுப் பக்கத்தில் இருந்த ஒரு பட்டனை, துணியோடு சேர்த்து, கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் பிடித்தாள். அதன் உள்பக்கத்து வளையம் விரல் நுனியில் அழுந்தியது. உருட்டினாள். விடாமல் உருட்டினாள்.

நாகஜோதியின் முகம் மலர்ந்தது.

“அண்ணே, இங்க பாருங்க! பெரியம்மாவுக்கும் புடிச்சிருக்கு. வெரல எடுக்க மாட்டேங்காக!”

வெட்டும் மேசையில் கத்திரியின் சத்தம் நின்றது. மாரிச்செல்வம் தலையைத் தூக்கவில்லை. செல்போனைக் காதிலிருந்து எடுத்துவிட்டு வேல்குமார் அம்மாவைப் பார்த்தான்.

“இதுல ஒண்ணு எனக்கு வேணும்” என்றாள் சுப்புலட்சுமி.

“உனக்கெதுக்கும்மா?”

“கட்டில மறுபடி உள்ள எடுத்துப் போடச் சொல்லு. ஒரு நாள் பூரா இது என் ஒடம்புல கெடக்கட்டும்.”

பனியனை மடித்து அக்குளில் இடுக்கிக்கொண்டு, வாசலில் நின்று ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். நாகஜோதி அடுத்த பனியனை அடுக்கில் வைத்துக்கொண்டிருந்தாள். அதிலும் பட்டன் அதே இடத்தில்தான் இருந்தது.